அரைப் படித் தவிடு

கிரீம்ஸ் சாலை மருத்துவமனையில் எனக்கு இரவுப் பணி.
சேர்க்கைப் பிரிவு, மூன்றாவது ஜன்னல்.
வருகிறவர் மணிக்கட்டில்
அவரவர் பேரைக் கட்டி அனுப்புவது என் வேலை.
நீரில் கரையாத பட்டை. ஒருமுறை ஒட்டிவிட்டால்
கத்தரித்துத்தான் எடுக்கவேண்டும்.

டாக்காவிலிருந்து வந்த பெரியவரின் பேர்
இரண்டு மூச்சு நீளம்.
கூட வந்த அக்கா கூப்பிடுவதோ கோகா.
சின்னப் பையன் என்று அர்த்தமாம்.
எழுபத்தெட்டு வயதுப் பையன்
ஊசிக்குக் கையை நீட்டமாட்டேன் என்றான்.

மொரீஷியஸ்காரர் கடவுச்சீட்டில் மூட்டூ.
பிரெஞ்சுக்காரன் காதில் விழுந்த முத்து
நாலு தலைமுறை கழித்து
முழங்கால் வலிக்கு வைத்தியம் பார்க்க வந்திருந்தது.

ஐஸாலிலிருந்து வந்த பெண் சொன்னாள்:
எங்கள் பேர் ஆ-வில் முடிந்தால் ஆண், ஈ-யில் முடிந்தால் பெண்.
உங்களுடையது?
பேட்ஜின் மேல் பின்னலை இழுத்துவிட்டுக்கொண்டேன்.

குப்பு.
கேட்பவர்களிடம் குப்புலட்சுமியின் சுருக்கம் என்பேன்.
இல்லாத லட்சுமி.
பட்டாளம் மார்க்கெட்டுக்குப் பின்னால் பிறந்தேன்.
எனக்கு முன்னால் இரண்டு தங்கவில்லை.
மூன்றாவதை, ஈரம் காயுமுன்,
முறத்தில் வைத்துக் குப்பைமேட்டில் போட்டார்கள்,
எமன் வந்தால் மூக்கைப் பொத்திக்கொண்டு போகட்டுமென்று.
பக்கத்து வீட்டு லில்லிபுஷ்பம் எடுத்துக்கொண்டாள்.
அம்மா அவளிடம் தவிட்டுக்கு வாங்கினாள்.
எல்லா வீட்டிலும் பிள்ளைகளைச் சீண்டச் சொல்கிற பொய்
எங்கள் வீட்டில் மட்டும் கணக்கு.

செவ்வாய் பின்னிரவு ஒரு லாகோஸ்காரி வந்தாள்.
இடுப்பில் நாலு வயதுப் பையன், உதடு நீலம்.
இதயத்தில் ஓட்டை.
பேர் கொக்குமோ.
"கொக்கா?" என்றான் அடுத்த ஜன்னல் தாமோதரன்.
அவள் என் மேசைமேல் விரலால் மூன்றாக வெட்டினாள்.
கொ, இல்லை. கு, சாவது. மோ, இனிமேல்.
இனிச் சாகமாட்டான்.
இவனுக்கு முன்னால் மூன்று என்றாள்.
மூன்றும் ஒரே பிள்ளைதானாம்,
வந்து வந்து திரும்பிப் போகிற பிள்ளை.
பேர் என்பது கதவுக்குக் கொடுத்த முட்டு.

பின்னலை ஒதுக்கிப் பேட்ஜைக் காட்டினேன்.
எனக்கும் முதலெழுத்து கு.
தெரிந்த ஆங்கிலத்தில் குப்பை சொன்னேன், தவிடு சொன்னேன்.
எமனுக்குச் சொல் கிடைக்காமல்
மீசையை முறுக்கிக் காட்டினேன்.
அதுதான் உடனே புரிந்தது.
சிரிக்கவில்லை. சந்தையில் நிற்பவள்போல
"எவ்வளவு தவிடு?" என்றாள்.

முப்பத்தாறு வருஷமாய்
என் விலையை நான் கேட்டதேயில்லை.

ஆறு மணிக்கு அம்மாவுக்கு போன் போட்டேன்.
"அரைப் படி பேசினோம். எங்க குடுத்தேன்?
அப்பறம் தரேன்னேன். அவ
தண்டையார்பேட்ட பக்கம் குடி போய்ட்டா, அதோட சரி.
ஏன்டி, விடிஞ்சும் விடியாம இதான் கேள்வியா?"

அப்படியானால் நான் இன்னும் லில்லிபுஷ்பத்தின் பிள்ளை.
இல்லை, மேட்டின் பிள்ளை.
எந்த வீட்டுக் கதவைத் தட்டுவதென்று குழம்பித்தான்
மீசைக்காரன் வராமல் இருக்கிறானோ என்னவோ.

வியாழன் காலை ஏழுக்கு அறுவை.
லிப்ட் வாசலில் சக்கரக் கட்டில்.
பச்சைத் துணிக்கு வெளியே நீட்டியிருந்த
கால் கட்டைவிரலைப் பிடித்துக்கொண்டு அவளிடம் சொன்னேன்:
இவன் இப்போது என் பிள்ளை.
தவிடு கொடுத்துத்தான் நீ திரும்ப வாங்கவேண்டும்.
அரைப் படி. கடனாகவே இருக்கட்டும்.

அவள் என்னைப் பார்த்தாள்.
பையனைப் பார்க்கவேயில்லை.
இரண்டு கையையும் இடுப்பில் வைத்துக்கொண்டு
"கால் படி" என்றாள்.

"அரை."

"கால்."

வார்டு பாய் கடிகாரத்தைப் பார்த்தான்.
பேரம் படியுமுன்
கதவு மூடிக்கொண்டது.